கழுத்து முறிவும் பெர்த்தியோன் பட்டியலும்

நான் பிறப்பு இறப்புப் பதிவேடு எழுதிய காலத்தில், பனையிலிருந்து விழுந்து கழுத்து முறிந்து இறந்தவர்களுக்கு எழுதியது ஒரே சொல்: விபத்து. பிழைத்தவர்கள் பதிவேட்டுக்கே வரமாட்டார்கள்.

சென்னையில் அமெரிக்க ஆஸ்பத்திரிகளுக்கு மெடிக்கல் கோடிங் செய்யும் என் பேரன் சொன்னான்: கழுத்தெலும்பு முறிவுக்கு எஸ்12. கடைசி எழுத்தில்தான் விஷயம். பிறகு பரிசோதனைக்கு வரும்போது எலும்பு ஒழுங்காகக் கூடிவந்தால் டி, தாமதமானால் ஜி, கூடாமலே நின்றால் கே. 2015 அக்டோபருக்கு முன் இந்தப் பின்சிகிச்சைக்கு வி54 என்று வேறு எண்ணாம். இப்போது முறிவின் எண்ணே கடைசிவரை கூட வருகிறது. எழுத்து தவறினால் காப்பீட்டுப் பணம் சிக்கும்.

"இது பிரெஞ்சுக்காரர் போட்ட பட்டியலப்பா" என்றேன். நம்பவில்லை. பாரிஸ் நகரப் புள்ளிவிவரத்துறைத் தலைவர் ழாக் பெர்த்தியோன் 1893-ல் சிகாகோவில் முன்வைத்தது. (குற்றவாளிகளை அங்க அளவெடுத்து அடையாளம் கண்ட அல்போன்ஸ் இவர் தம்பி. பிரெஞ்சுப் பள்ளியில் எங்களுக்குச் சொல்லித்தந்தது தம்பியைத்தான்.) அண்ணன் வகைப்படுத்தியது சாவின் காரணங்களை. உயிரோடிருப்பவர்களின் நோயும் காயமும் முழுதாகச் சேர்ந்தது 1948-ல், உலக சுகாதார நிறுவனத்தின் ஆறாம் திருத்தத்தில்.

எங்கள் தெருவில் பனையேறி ஒருவர் விழுந்து பிழைத்தார். கழுத்துப் பட்டையோடு ஆறு மாதம் திண்ணையிலேயே உட்கார்ந்திருந்தார். அவருக்கு எந்த எழுத்து என்று பேரனைக் கேட்டேன்.

"எக்ஸ்ரே இருக்கா தாத்தா?" என்றான்.