பாத்திரத் தெரிவும் நெறியாள்கையும்: பிரெஞ்சுத் திரையில் ஈழத்தமிழர்

ஒரு கலையின் வரலாற்றை அதன் படைப்புக்களைக் கொண்டு எழுதுவதே வழக்கம். அக்கலையில் யார் எப்பாத்திரத்தை ஏற்றனர், அதனை அவருக்கு அளித்தவர் யார் என்னும் வினாக்களைக் கொண்டும் அதனை எழுதலாம். பிரெஞ்சுத் திரைப்படத்தில் ஈழத்தமிழர் பெற்ற இடத்தை இவ்வினாக்களின் வழி ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தாழ்வுபாட்டில் வளர்ந்த எமக்கு இவை புதிய வினாக்களல்ல. மன்னார்க் கத்தோலிக்கக் கிராமங்களின் கூத்து மரபிலே பாத்திரங்களுக்கு ஆள் தெரிபவர் அண்ணாவியார். பாட்டும் ஆட்டமும் பயிற்றி அரங்கேற்றுபவரும் அவரே. இளமையிற் சேவகனாக ஆடியவர் பின்னர் அரசனாகி, முதுமையில் அண்ணாவியாராவதும் உண்டு. ஆடுவோனுக்கும் ஆட்டுவிப்போனுக்கும் இடையே இங்கு மதிலில்லை. புலம்பெயர்ந்த மண்ணிலோ அம்மதிலைக் கடக்க ஒரு தலைமுறை வேண்டியதாயிற்று.

1967இல் அல்லைப்பிட்டியிற் பிறந்த அன்ரனிதாசன் யேசுதாசன், பதின்ம வயதில் விடுதலைப் புலிகள் இயக்கத்திற் சேர்ந்து, பின்னர் விலகி, 1993இல் பிரான்சை அடைந்தார். ஷோபாசக்தி என்னும் பெயரில் ‘கொரில்லா’ முதலிய நாவல்களை எழுதினார். தலைமன்னாருக்கு எதிரேயுள்ள தனுஷ்கோடி மீனவரையும் அகதிகளையும் பற்றி லீனா மணிமேகலை இயக்கிய ‘செங்கடல்’ படத்தின் திரைக்கதையிற் பங்கேற்று, அதில் நடித்தும் உள்ளார். 2011இல் அப்படத்திற்குத் தணிக்கையினர் முதலில் அனுமதி மறுத்து, மேன்முறையீட்டின் பின்னரே வழிவிட்டனர்.

2015இல் ஜாக் ஓடியார் இயக்கிய ‘தீபன்’ கான் விழாவில் தங்கப் பனை விருதினைப் பெற்றது. அதன் நாயகன் யேசுதாசனே. பெரிதும் தமிழிலேயே பேசும் அப்படத்தின் நெறியாளர் தமிழறியாதவர். ஒருவரையொருவர் அறியாத ஆடவனும் பெண்ணும் சிறுமியும், இறந்த குடும்பமொன்றின் பெயர்களை ஏற்றுப் பிரான்சிற் புகலிடம் தேடுவதே கதை. ஈண்டு ஒன்று சிந்திக்கத்தக்கது. திரைப்படக்காரர் பாத்திரம் அளிக்கும் முன்பே, அகதிக்கு வாழ்க்கை ஒரு பாத்திரத்தை அளித்துவிடுகிறது. நம்பத்தக்க கதையைச் சொல்லி அதிகாரியின் முன் நடித்துக் காட்டியவனுக்கே தங்க இடம் கிடைக்கிறது.

அடுத்த தலைமுறையினர் பிரான்சிலேயே பிறந்தவர்கள். அவர்களுள் ஒருவரான லோறன்ஸ் வலின் முதலில் நடிகராகவே இருந்தார். தமிழ்த் தோற்றமுடையவனுக்குக் கிடைத்தவை வார்ப்பு மாறாத சிறு வேடங்களே. ஆதலின் அவர் லா ஃபெமி திரைப்படப் பள்ளியிற் பயின்று குறும்படங்களை இயக்கினார். அவரது முதல் முழுநீளப் படமான ‘லிட்டில் ஜப்னா’ 2024இல் வெனிஸ் விமர்சகர் வாரத்தின் நிறைவுப் படமாயிற்று. பாரிசின் லா சப்பல் பகுதித் தமிழரிடையே, 2009 போரின் இறுதிக் காலத்தில் நிகழும் அக்கதையை இயக்கியவரும் நாயகனாக நடித்தவரும் அவரே. ராதிகா சரத்குமார், வேல ராமமூர்த்தி ஆகியோரைத் தமிழகத்திலிருந்து அழைத்து நடிக்கச் செய்தார். பாத்திரம் வேண்டி நின்றவர் பாத்திரம் வழங்குபவரானார்.

இதனை முழு வெற்றியெனக் கொள்ளலாமா? தயங்க வேண்டியுள்ளது. ‘தீபன்’ முன்னாள் போராளியொருவனின் வன்முறையில் உச்சங்கொள்கிறது. ‘லிட்டில் ஜப்னா’ பொலிசாரையும் குழுக்களையும் சுற்றியே நிகழ்கிறது. நெறியாளர் மாறியபோதும், தமிழன் திரையில் தோன்றுவதற்கு வன்முறையே நுழைவுச்சீட்டாக இருப்பது தொடர்கிறது. போர் எமது வரலாறு என்பது உண்மையே. ஆயினும் அதுவே எமது வரலாறு முழுவதுமன்று. வலை இழுப்பவனும், கடல் கடந்த மகனின் அழைப்புக்குக் காத்திருக்கும் தாயும் அதனுள் அடங்குவர்.

நடிகன் நெறியாளனாவது முதற்படி. எக்கதை சொல்லத்தக்கது எனத் தீர்மானிக்கும் உரிமையைப் பெறுவது அடுத்த படி. கூத்துக் களரியில் எங்கள் அண்ணாவிமார் அவ்வுரிமையை இயல்பாகவே பெற்றிருந்தனர். திரையிலும் அதனைப் பெறும் நாளில், தாழ்வுபாட்டுக் கரையும் அங்கு ஓர் இடத்தைப் பெறும்.