நாற்காலியும் வீடு திரும்பும் வழியும்

செங்கல்பட்டு மண்ணில் பேசும் நாம் காரணையிலிருந்துதான் தொடங்க வேண்டும். மாமல்லபுரம் பக்கத்து அக்கிராமத்தின் பஞ்சமி நிலத்தை மீட்கும் போராட்டத்தில், 1994 அக்டோபர் 10 அன்று போலீஸ் துப்பாக்கிச்சூட்டில் ஜான் தாமஸும் ஏழுமலையும் உயிர் துறந்தார்கள். அதே ஆண்டில்தான் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் வந்தது. தலைவர் பதவிகளில் நமக்கு ஒதுக்கீடு கிடைத்தது.

நிலம் தர மறுத்த சாதி நாற்காலி தருமா? மதுரை மாவட்டத்து மேலவளவு பதில் சொன்னது. 1996இல் அந்த ஊராட்சி தலித்துகளுக்கு ஒதுக்கப்பட்டது. மனுப் போட்டவர்கள் மிரட்டப்பட்டார்கள், தேர்தல் தடைபட்டது. கடைசியில் முருகேசன் வென்றார். 1997 ஜூன் 30 அன்று, ஆட்சியர் அலுவலகம் போய்ப் பேருந்தில் ஊர் திரும்பும்போது முருகேசன் உட்பட ஆறு பேரை வெட்டிக் கொன்றார்கள்.

ஜெர்மனியின் பிராங்க்ஃபர்ட் மேயர் லுட்விக் லாண்ட்மன் யூதராகப் பிறந்தவர். 1917இலேயே அச்சமயத்தை விட்டு விலகியவர். ஆனாலும் 1933இல் நாஜிகளால் பதவி இழந்தார். 1945இல் நெதர்லாந்தில் தலைமறைவாகவே இறந்தார். அங்கே துரத்தியது அரசு. இங்கே அரசின் சட்டப்படி வென்றவரைச் சாதி கொன்றது. இரண்டிடத்திலும் பதவியைவிடப் பிறப்பே கணக்கில் வந்தது.

மேலவளவு வழக்கில் 17 பேர் ஆயுள் தண்டனை பெற்றார்கள். 2019இல் 13 பேர் முன்கூட்டியே விடுவிக்கப்பட்டார்கள். சட்டம் நாற்காலியைத் தரும். அதில் அமர்ந்தவர் உயிரோடு வீடு திரும்பும் வழியை நாம்தான் அமைப்பாகி நின்று காக்க வேண்டும்.