மணமகள்னா யாரு? தூத்துக்குடியில ஆரம்பிச்ச ஒரு வழக்கு

எல்ஜிபிடி உரிமைன்னா டெல்லி, மும்பைதான் நமக்கு ஞாபகம் வரும். இன்னைக்கு நான் சொல்லப்போற கதை எங்க கடற்கரையோடது. ராமநாதபுரத்துல இருந்து கீழக்கரை, சாயல்குடி, வேம்பார்னு தெற்கே போனா தூத்துக்குடி. கதை அங்கதான் ஆரம்பிக்குது.

2018 அக்டோபர் 31. தூத்துக்குடி சங்கர ராமேஸ்வரர் கோயில்ல ஒரு ஆணும் ஒரு திருநங்கையும் கல்யாணம் பண்ணிக்கிறாங்க. பதிவு பண்ணப் போனா, முடியாதுன்னு சொல்லிட்டாங்க. மாவட்டப் பதிவாளர்கிட்ட மேல்முறையீடு பண்ணாங்க. அங்கேயும் அதே பதில்.

இதுல ஒரு முரண் இருக்கு. கூவாகம் கூத்தாண்டவர் கோயில்ல ஒவ்வொரு சித்திரையிலும் திருநங்கைகள் அரவானுக்காகத் தாலி கட்டிக்கிறாங்க. மறுநாள் தாலி அறுத்து, வெள்ளைச் சேலை கட்டுறாங்க. சாமிக்கு மனைவின்னா ஊரே கூடி வேடிக்கை பார்க்கும். ஒரு மனுஷனுக்கு மனைவின்னு பதிவேட்டுல எழுதத்தான் அவ்வளவு தயக்கம்.

வழக்கு உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போச்சு. ராமநாதபுரமும் அதோட எல்லைக்குள்ளதான். அரசுத் தரப்பு ஆக்ஸ்போர்டு அகராதியைக் காட்டி, மணமகள்னா பெண் மட்டும்தான்னு வாதாடுச்சு. 2019 ஏப்ரல் 22 அன்னைக்கு நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன் தீர்ப்பு சொன்னார். 1955 இந்து திருமணச் சட்டத்துல இருக்கிற ‘மணமகள்’ங்கிற சொல், காலத்துக்கும் மாறாத ஒண்ணு இல்ல, அதுல திருநங்கையும் அடக்கம். கல்யாணத்தைப் பதிவு செய்யணும்.

இதுக்கு அடித்தளம் 2014 ஏப்ரல் 15 அன்னைக்கு உச்ச நீதிமன்றம் கொடுத்த நால்சா தீர்ப்பு. தன் பாலினம் எதுன்னு அவங்கவங்களே சொல்லிக்கலாம்னு அது ஏத்துக்கிச்சு. தேதியைக் கவனிங்க. வெறும் நாலு மாசத்துக்கு முன்னாடிதான், 2013 டிசம்பர்ல, அதே நீதிமன்றம் 377-ஆவது பிரிவு செல்லும்னு சொல்லியிருந்துச்சு. 2018 செப்டம்பர்ல தன்பாலீர்ப்பு குற்றமில்லன்னு தீர்ப்பு வந்தப்போ, நீதிபதிகள் கையில எடுத்த முக்கியமான ஆதாரங்கள்ல ஒண்ணு நால்சா. திருநங்கைகள் போட்ட பாதையிலதான் மத்தவங்களும் நடந்து வந்தாங்க.

தூத்துக்குடி வழக்கும் அந்தத் தம்பதியோட நிக்கல. ஆண், பெண்ணுன்னு உடல்கூறு தெளிவாப் பிரியாமப் பிறக்கிற ஊடுபால் குழந்தைகளுக்கு, பெரியவங்க முடிவு பண்ணி ‘சரிசெய்யும்’ அறுவைசிகிச்சை நடக்கும். அதைத் தடை பண்ணச் சொல்லி அதே தீர்ப்பு உத்தரவு போட்டுச்சு. மால்டா நாடு 2015-லயே அப்படி ஒரு சட்டம் போட்டிருந்துச்சு. 2019 ஆகஸ்ட்ல தமிழக அரசும் ஆணை போட்டுச்சு. உயிருக்கு ஆபத்துன்னா மட்டும் விலக்கு. இந்தியாவுல இதைச் செஞ்ச முதல் மாநிலம் நாமதான்.

2023 அக்டோபர் 17. தன்பாலினத் திருமணத்துக்குச் சட்ட அங்கீகாரம் கொடுக்க உச்ச நீதிமன்றம் மறுத்துச்சு. ஆனா ஒரு ஆணும் ஒரு திருநங்கையும், ஒரு பெண்ணும் ஒரு திருநம்பியும், இப்ப இருக்கிற சட்டத்துலயே கல்யாணம் பண்ணிக்கலாம்னு அஞ்சு நீதிபதிகளும் ஒத்துக்கிட்டாங்க. தூத்துக்குடியில வாங்கின உரிமை, இப்போ நாடு முழுக்க.

ரெண்டு பெண்களோ ரெண்டு ஆண்களோ இன்னும் வெளியிலதான் நிக்கிறாங்க. அவங்களுக்குன்னு ஒரு நாள் அந்தக் கதவு திறந்தா, அதை முதல்ல தட்டினது யாருன்னு நாம மறந்துடக் கூடாது.