கோடீஸ்வரனின் சம்பள உயர்ச்சி

"கோழி மேய்ச்சாலும் கோறணமேந்தில மேய்க்கவேணும்" என்று யாழ்ப்பாணத்தில் சொல்வார்கள். கோறணமேந்து என்றால் கவண்மென்ட். அந்த மோகத்துக்குச் சம்பளம் மட்டும் காரணமில்லை, பென்சன்தான் பெரிய காரணம்.

நான் இந்த நாட்டுக்கு வந்த புதிதில் ஒரு ஓய்வுபெற்ற கிளாக்கர் ஐயாவைத் தெரியும். இப்போது அவர் இல்லை. தான் உயிரோடு இருப்பதாக அத்தாட்சிக் கடிதம் எடுத்து, பென்சனுக்காக வருடாவருடம் கொழும்புக்கு அனுப்புவார். ஒருமுறை கையெழுத்து வைத்துவிட்டுச் சொன்னார்: "தம்பி, சிங்களச் சோதனை எடுக்காததால என்ரை சம்பளம் நிண்ட இடத்திலதான் என்ரை பென்சனும் நிக்குது." அன்று அது எனக்கு விளங்கவில்லை. கோடீஸ்வரன் வழக்கைப் படித்தபிறகுதான் விளங்கியது.

செல்லையா கோடீஸ்வரன் 1952ல் அரசாங்க எழுதுவினைஞர் சேவையில் சேர்ந்தவர். அப்போது நிர்வாக மொழி ஆங்கிலம். சிங்களம் தெரிந்திருக்க வேண்டும் என்று அவரை யாரும் கேட்டு வேலைக்கு எடுக்கவில்லை. 1956ல் தனிச்சிங்களச் சட்டம் வந்தது. 1961 டிசம்பரில் திறைசேரி 560ஆம் இலக்கச் சுற்றுநிருபத்தை அனுப்பியது. சிங்களப் பரீட்சையில் படிப்படியாகச் சித்தியடையாதவர்களுக்கு வருடாந்த சம்பள உயர்ச்சி கிடையாது என்பது அதன் சாரம். கேகாலைக் கச்சேரியில் வேலைசெய்த கோடீஸ்வரனுக்கு 1962 ஏப்ரலில் வரவேண்டிய உயர்ச்சி வரவில்லை. அவர் சட்டமா அதிபர் மேல் வழக்குப் போட்டார்.

ஒரு வருட உயர்ச்சிதானே என்று நினைக்கக்கூடாது. சம்பள அளவுத்திட்டம் ஏணி மாதிரி. ஒரு படியில் மறித்தால் அடுத்த படிக்கும் போகமுடியாது. கடைசியில் வாங்கிய சம்பளத்தை வைத்துத்தான் பென்சன் கணக்குப் பார்ப்பார்கள். ஆகவே வேலையில் இருக்கும்போது வெட்டியது, ஓய்வுபெற்ற பிறகு சாகும்வரைக்கும் வெட்டு. இதற்கு மேல், பென்சன் என்பது ஊழியரின் பூரண உரிமை அல்ல என்று இலங்கையின் ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பின் முதல் பிரிவே சொல்கிறது!

1964ல் கொழும்பு மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர் கோடீஸ்வரனுக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தார். ஒரு சமூகத்துக்கு மட்டும் பாதகம் செய்யும் சட்டத்தை நாடாளுமன்றம் இயற்றக்கூடாது என்று சோல்பரி அரசியலமைப்பின் 29(2) பிரிவு சொன்னது. தனிச்சிங்களச் சட்டம் அதை மீறுவதால் செல்லாது என்பது அவர் முடிவு. தமிழரான எழுதுவினைஞர் ஒருவரின் சம்பளக் கணக்கு, நாட்டின் மொழிச் சட்டத்தையே ஆட்டிவிட்டது.

அரசு மேன்முறையீடு செய்தது. 1967ல் பிரதம நீதியரசர் எச். என். ஜி. பெர்னாண்டோ தலைமையில் உயர் நீதிமன்றம் மொழிச் சட்டத்தைத் தொடவேயில்லை. அரச ஊழியன் சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்காட முடியாது என்று சொல்லி, வழக்கை வாசலிலேயே தள்ளிவிட்டது. இது தமிழரை மட்டுமல்ல, நாட்டிலிருந்த அரசாங்க ஊழியர் எல்லோரையும் அடித்த தீர்ப்பு. சிங்களக் கிளாக்கருக்கும் அதே கதிதான்.

வழக்கு லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போனது. 1969 டிசம்பரில் டிப்லொக் பிரபு தீர்ப்பை வாசித்தார். முடி தன் ஊழியனை விரும்பியபோது விலக்கலாம், ஆனால் அவன் உழைத்த சம்பளத்தைக் கொடுக்கவேண்டும், கொடுக்காவிட்டால் அவன் வழக்காடலாம் என்றது அந்தத் தீர்ப்பு. மொழிச் சட்டம் செல்லுமா என்ற கேள்வியை உயர் நீதிமன்றமே முதலில் விசாரிக்கட்டும் என்று வழக்கைத் திருப்பி அனுப்பியது.

அந்தக் கேள்விக்கு உயர் நீதிமன்றம் கடைசிவரை பதில் சொல்லவில்லை. 1971ல் பிரிவி கவுன்சிலுக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 மே 22ல் வந்த குடியரசு யாப்பில் 29ஆம் பிரிவு இல்லை, சிங்களம் யாப்புக்குள்ளேயே ஏறிவிட்டது. அரச ஊழியரின் நியமனம், இடமாற்றம், பதவி நீக்கம் பற்றி அமைச்சரவை எடுக்கும் முடிவை நீதிமன்றம் கேள்வி கேட்கவும் முடியாமல் போனது. அந்த யாப்பை ஆக்கிய அமைச்சர் கொல்வின் ஆர். டி சில்வா, 1956ல் தனிச்சிங்களத்தை எதிர்த்தவர்!

பிறகு 1978 யாப்பு, பதவி உயர்வில் பாகுபாடு காட்டினால் அடிப்படை உரிமை வழக்குப் போடலாம் என்ற வழியைத் திறந்தது. ஆனால் ஒரு மாதத்துக்குள் போடவேண்டும். 1987ல் 13ஆவது திருத்தம் தமிழும் ஆட்சிமொழி என்றது. இரண்டும் வந்தபோது 1961ன் கிளாக்கர்மார் பலர் ஓய்வுபெற்றுவிட்டார்கள், சிலர் போயும்விட்டார்கள்.

சம்பளத்துக்கு வழக்காடும் உரிமையை இலங்கையின் அரச ஊழியர் எல்லோருக்கும் வாங்கிக்கொடுத்தது ஒரு தமிழ் எழுதுவினைஞரின் வழக்கு. அவர் கேட்ட கேள்வியை மட்டும் மேன்முறையீட்டில் ஒருவரும் விசாரிக்கவில்லை. வழக்கில் தோற்றிருந்தால் தோற்றோம் என்றாவது இருந்திருக்கும். எங்களுக்குத் தீர்ப்பே வரவில்லை.

அந்த ஐயா கடைசிவரை தான் உயிரோடு இருப்பதை வருடாவருடம் எழுதி அனுப்பிக்கொண்டிருந்தார். வெட்டிய உயர்ச்சியைப் பற்றி அந்தக் கடிதத்தில் எழுத இடம் இருக்கவில்லை.