நகரின் வளர்ச்சியும் செய்திப் படமும்

மதுரைக்கோ நெல்லைக்கோ ‘டிரங்க் கால்’ பதிவு செய்துவிட்டு மணிக்கணக்கில் காத்திருந்த கதையை நம் குடியிருப்பின் முதியோர் இன்றும் சொல்வர். தொலைபேசி நிலையத்துப் பெண்மணி இணைப்புக் கொடுத்தாலன்றி உற்றார் குரல் காதில் விழாது. அந்தக் காத்திருப்பு அகன்ற காலத்தைப் படமாக்கியவர் நம் திருவனந்தபுரத்துக் கலைஞரே என்பதை இளைஞர் பலர் அறியார்.

இரண்டாம் உலகப் போர் 1945-இல் முடிந்தது. அழிந்த நகரங்களை மீண்டும் எழுப்பிய நாடுகளும், புதிதாய் விடுதலை பெற்ற நாடுகளும், தாம் கட்டிய அணைகளையும் ஆலைகளையும் மக்களுக்குக் காட்டச் செய்திப் படங்களைத் துணைக்கொண்டன. இந்தியாவில் 1948-இல் தோன்றிய பிலிம்ஸ் டிவிஷன் இப்பணியை ஏற்றது. கொட்டகைகளில் கதைப்படத்திற்கு முன் அதன் படம் ஓடியாக வேண்டும் என்பது அந்நாளைய விதி.

1956-இல் கேரளத்தின் தலைநகரான நம் நகரும் விரைந்து மாறிற்று. 1963 நவம்பர் 21 அன்று தும்பாவிலிருந்து முதல் ராக்கெட் விண்ணேகிற்று. 1965-இல் அடூர் கோபாலகிருஷ்ணனும் நண்பர்களும் இங்கே சித்திரலேகா திரைப்படச் சங்கத்தை நிறுவினர். கான்பூருக்கும் லக்னோவுக்கும் இடையே 1960-இல் தொடங்கிய நேரடித் தொலைபேசி முறை நாடெங்கும் பரவிவந்த வேளையில், 1969-இல், ‘டுவார்ட்ஸ் நேஷனல் எஸ்.டி.டி.’ என்னும் செய்திப் படத்தை அடூர் எடுத்தார்.

இத்தகைய படங்களால் சித்திரலேகா கூட்டுறவு அமைப்பு ஈட்டிய பொருளும், திரைப்பட நிதிக் கழகத்தின் கடனுமே 1972-இல் ‘சுயம்வரம்’ என்னும் கதைப்படத்திற்கு முதலாயின. அதில் நகருக்குப் பிழைக்க வந்த இளைஞன், வேலை நீக்கப்பட்ட வேறொருவனின் இடத்தில் மரக்கடைக் கணக்கனாக அமர்கிறான். இரயில்வே அலுவலகத்தில் கோப்புகளோடு நாள் கழிக்கும் எமக்கு அவன் அயலான் அல்லன். இயந்திரத்தின் பெருமையைக் காட்டிய கைகளே, அந்நகரில் இடம் தேடி அலைந்த மனிதனையும் காட்டின. இரண்டும் சேர்ந்தால்தான் வளர்ச்சியின் வரலாறு முழுமை பெறும்.

டிரங்க் கால் போயிற்று. பின் வந்த எஸ்.டி.டி. கூண்டுகளும் மறைந்தன. இணைப்புக் கொடுத்த அப்பெண்மணியும், காத்திருந்த நம் பாட்டிமாரும் எந்தப் படத்தில் இருக்கின்றனர்? இன்று ஒவ்வோர் இல்லத்திலும் கையடக்கப் படக்கருவி உண்டு. அடுத்த ஆண்டு விழாவிற்குள், வீட்டிற்கு ஒரு முதியவரையேனும் பேசச் செய்து பதிவு செய்வோமாக. அவர்கள் நினைவு மங்குமுன் அது நடைபெற வேண்டும்.