ஈழத்து ஆபிரிக்கரும் அவர்தம் பாட்டும்

திருகோணமலைத் துறையின் வரலாறு கூறுவோர் கோட்டையையும் கப்பல்களையும் பற்றியே பெரிதும் பேசுவர். போர்த்துக்கேயர் 1624ஆம் ஆண்டிற் கோணேசர் கோயிலை இடித்து அதன் கற்களாற் கோட்டை எழுப்பியதும், 1639இல் ஒல்லாந்தர் அதனைக் கைப்பற்றியதும், 1795இல் அது ஆங்கிலேயர் வசமானதும் நம் மாணாக்கர் நன்கறிந்தவை. இம்மூவர் ஆட்சியிலும், தம் விருப்பத்தாலன்றிப் பிறர் ஏவலால் இத்தீவிற்கு வந்த ஆபிரிக்கரைப் பற்றியோ நாம் அறிந்தது மிகச் சிறிது. நாட்டார் அவரைக் 'காப்பிரி' என்றனர். அரபுச் சொல்லொன்று போர்த்துக்கேயர் வாய்ப்பட்டு வந்த பெயர் அது.

அடிமைகளாகவும் போர்வீரராகவும் வந்த இவரை ஆங்கிலேயர் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தனிப் படைப்பிரிவாகவே அமைத்தனர். படை கலைந்தபின் புத்தளப் பகுதியில் தங்கியோரின் வழியினர் இன்றும் சிரம்பியடியில் வாழ்கின்றனர். திருகோணமலையிலும் மட்டக்களப்பிலும் இருந்தோர் பறங்கியரோடு மணவுறவு கொண்டு அவருட் பெரிதும் கலந்தனர்.

சிரம்பியடியார் பாடுவது 'மஞ்சா' என்னும் பாட்டு. சில அடிகளே உடையது. மெல்லத் தொடங்கி, மீண்டும் மீண்டும் பாடப்பட்டு, தாளம் விரைய விரைய ஆட்டமாக மாறும். றபானோடு சிரட்டையும் கரண்டியும் போத்தலுங்கூட அங்கே வாத்தியங்களாகும். சொற்களோ ஆபிரிக்க மொழியைச் சார்ந்தனவல்ல. இலங்கைப் போர்த்துக்கேயக் கிரியோல். பாடுவோரிற் பலர்க்கு அவற்றின் பொருள் முழுதும் விளங்குவதில்லை. வீட்டில் அவர் பேசுவது சிங்களம்.

இஃது ஏன் இவ்வாறாயிற்று? கியூபாவை நோக்கின் விடை புலப்படும். ஹவானாவில் 1925இற் பிறந்து 2005இல் மறைந்த லாசரோ ரோஸ் என்னும் பாடகர், மேற்காபிரிக்க யொரூபா மொழியின் வழிவந்த லுக்குமியில் தெய்வங்களைப் பாடினார். தலைமைப் பாடகர் ஓரடி எடுக்க, சூழ்ந்தோர் மறுமொழி பாட, மூன்று பறைகள் முழங்கும். 1962இல் அந்நாட்டு அரசு அமைத்த நாட்டார் கலைக்குழுவின் தொடக்க உறுப்பினருள் அவரும் ஒருவர். அங்குக் கொண்டுசெல்லப்பட்ட அடிமைகள் 7 இலட்சத்திற்கும் மேற்பட்டோர். 19ஆம் நூற்றாண்டிலும் புதியோர் வந்தவண்ணம் இருந்தனர். ஓரின மக்கள் ஒன்றுகூடச் சங்கங்கள் இருந்தன. எல்லாவற்றிற்கும் மேலாக வழிபாடு இருந்தது. தெய்வத்தின் முன் ஓதுஞ்சொல்லை எளிதில் மாற்றார் என்பது ஓதுவார் மரபறிந்த நமக்குப் புதிதன்று.

ஈழத்திற்கு வந்தோர் தொகையிற் சிறியர், பற்பல நாட்டினர், ஒருவர் மொழி மற்றவர்க்கு விளங்காது. பெரும்பாலோர் கத்தோலிக்கராயினர். படையிலும் தெருவிலும் வழங்கிய கிரியோலே அவர்க்குப் பொதுமொழியாயிற்று. ஆகவே சொல் போயிற்று. தாளமோ நின்றது, அதனைக் கைவிடுமாறு எந்த அதிகாரியும் ஆணையிட இயலாதன்றோ!

இன்று நாடெங்கும் ஒலிக்கும் பைலாவிற்கு முன்னோடியாகிய ஆட்டத்தின் பெயர் 'காப்பிரிஞ்ஞா'. காப்பிரி என்பதோடு போர்த்துக்கேயக் குறுமை விகுதி சேர்ந்த சொல் இது. பைலாவை மேடையேற்றிப் புகழ்பெற்றோரை யாவரும் அறிவர். அதன் அடியில் இருக்கும் ஆபிரிக்கரை நினைப்பார் அரியர். அந்த ஆட்டமும் அயலார்க்குரியதன்று. திருகோணமலை, மட்டக்களப்புப் பறங்கியர் மணவீடுகளில் வயலின் இசையோடு அது ஆடப்பட்டு வந்துள்ளது. ஆடுவோர் அயலவருடன் பேசுவது தமிழ். அவர் வீட்டு முதியோருட் சிலரிடம் அப்பழைய கிரியோலும் எஞ்சியுள்ளது.