வானத்திலிருந்து இறங்கிய வாளிகள்

1960 ஆகஸ்ட் 19 அன்று மாஸ்கோவில் ஒரு தீர்ப்பு வாசிக்கப்பட்டது. அமெரிக்க விமானி பிரான்சிஸ் கேரி பவர்ஸுக்கு 10 ஆண்டுத் தண்டனை. மே முதல் தேதி யூ-2 உளவு விமானத்தில் சோவியத் நாட்டைப் படமெடுத்தபடி பறந்தவரை ஸ்வெர்ட்லாவ்ஸ்க் அருகே ஏவுகணை வீழ்த்தியிருந்தது. இருபது கிலோமீட்டருக்கு மேல் பறக்கும் விமானத்தை யாராலும் தொட முடியாது என்ற நினைப்பும் அன்றோடு போயிற்று.

அதே தேதியில் ஹவாய்த் தீவுகளின் பக்கம், கேப்டன் ஹரால்டு மிட்செல் தன் சி-119 சரக்கு விமானத்தின் பின்பக்கத்தைத் திறந்துபோட்டுக்கொண்டு செயற்கைக்கோளிலிருந்து ஒரு கேப்சூலோடு இறங்கிவந்த பாராசூட்டைத் துரத்திக்கொண்டிருந்தார். விமானத்தின் பின்னால் கொக்கிகள் கோத்த கயிறு தொங்கியது. இரண்டு முறை தப்பிய பாராசூட் மூன்றாம் முறை மாட்டிக்கொண்டது. உள்ளே இழுத்துப்போட்ட கேப்சூலில் 9 கிலோ பிலிம் இருந்தது. யூ-2 விமானங்கள் நான்கு ஆண்டுகளில் எடுத்த மொத்தப் படங்களிலும் அகப்படாத அளவு சோவியத் நிலம் அந்த ஒரே சுருளில் பதிவாகியிருந்தது: சுமார் 42 லட்சம் சதுர கிலோமீட்டர். இந்தியாவின் பரப்பைவிடப் பெரிது.

இந்த உளவுச் செயற்கைக்கோள் திட்டத்தின் ரகசியப் பெயர் கொரோனா. அமெரிக்க அதிபர் ஐசனோவர் 1958-இல் ஒப்புதல் தந்தார். உளவு அமைப்பான சிஐஏவின் ரிச்சர்டு பிஸ்ஸலும் அமெரிக்க விமானப்படையும் சேர்ந்து நடத்தினார்கள். ஊருக்குச் சொன்ன பெயர் வேறு: ‘டிஸ்கவரர்’ என்ற அறிவியல் ஆராய்ச்சி. வேஷம் பொருந்த வேண்டுமே என்று மூன்றாவது டிஸ்கவரரில் நான்கு கறுப்பு எலிகளையே ஏற்றி அனுப்பினார்கள். ராக்கெட் சுற்றுப்பாதையை எட்டவில்லை. பாவம், எலிகள்.

தோல்வி எலிகளோடு நிற்கவில்லை. 1959 பிப்ரவரியில் தொடங்கி வரிசையாகப் பன்னிரண்டு முயற்சிகள் ஏதாவதொரு வகையில் கெட்டன. ஒன்றில் ராக்கெட் சரியில்லை, இன்னொன்றில் கேப்சூல் தவறான திசையில் போயிற்று, மற்றொன்றில் கேமரா நின்றுபோயிற்று. பிலிமே ஒரு பெரிய தலைவலி. அன்றைய அசிடேட் பிலிம் விண்வெளியின் வெற்றிடத்தில் முறுகி ஒடிந்தது. கோடக் நிறுவனம் பாலியெஸ்டர் அடித்தளத்தில் மெல்லிய பிலிம் செய்துகொடுத்த பிறகுதான் கேமரா ஒழுங்காக ஓடியது. இவ்வளவுக்குப் பின்னும் பணத்தை நிறுத்தாமல் கொடுத்தார்களே, அதுதான் இந்தக் கதையில் பெரிய ஆச்சரியம். பவர்ஸ் பிடிபட்டபின் அமெரிக்காவுக்கு வேறு கண் இல்லை என்பதும் ஒரு காரணம்.

படத்தை வானொலி அலையில் அனுப்பியிருக்கலாமே என்று தோன்றும். விமானப்படை அதையும் செய்து பார்த்தது. சாமோஸ் என்ற திட்டத்தில், செயற்கைக்கோளுக்குள்ளேயே பிலிமைக் கழுவி, வருடிப் பார்த்து, கீழே அனுப்பினார்கள். வந்த படம் எதற்கும் உதவவில்லை; திட்டம் மூடப்பட்டது. ஆகவே பிலிமே நேரில் இறங்கி வந்தாக வேண்டும். அடுத்த பதினைந்து ஆண்டுகளின் உளவுக் கலை முழுவதும் இந்த ஒரு கட்டாயத்தைச் சுற்றியே வளர்ந்தது. அந்தக் கேப்சூல்களுக்கு அவர்கள் வைத்த செல்லப்பெயர் ‘வாளி’.

வாளிகள் கொண்டுவந்த முதல் பெரிய சேதி அரசியலைப் புரட்டியது. ஏவுகணை எண்ணிக்கையில் ரஷ்யர்கள் எங்கோ முன்னே போய்விட்டார்கள் என்று சொல்லித்தான் 1960 தேர்தலில் கென்னடி ஓட்டுக் கேட்டார். தொழிற்சாலையில் தொத்திறைச்சி செய்வதுபோல ஏவுகணை செய்கிறோம் என்று சோவியத் தலைவர் குருசேவ் பெருமையடித்ததும் அந்தப் பயத்துக்கு எண்ணெய் ஊற்றியது. 1961 செப்டம்பரில் கொரோனா படங்களை வைத்து எழுதப்பட்ட மதிப்பீட்டில், கண்டம் தாண்டும் சோவியத் ஏவுகணைகளுக்கான ஏவுதளங்கள் 10 முதல் 25 வரைதான் என்று இருந்தது.

ரஷ்யர்களும் சும்மா இருக்கவில்லை. விண்வெளி வீரர் ககாரின் பறந்த வோஸ்டாக் கலத்தையே மாற்றியமைத்து ஜெனித் என்ற உளவுக்கோளைச் செய்தார்கள். 1962 ஏப்ரலில் ‘காஸ்மாஸ் 4’ என்ற பெயரில் அது சுற்றிவந்தது. மனிதன் உட்கார்ந்த உருண்டையில் கேமராக்கள் உட்கார்ந்தன. பிலிமோடு கேமராவும் பத்திரமாகத் தரையிறங்கியது. அமெரிக்கர்கள் ஒவ்வொரு முறையும் கேமராவைப் பறிகொடுத்தார்கள். சிக்கனத்தில் சோவியத் வழிதான் கெட்டி.

எல்லா வாளியும் கொக்கியில் மாட்டவில்லை. கடலில் விழுந்து மிதந்தால் எதிரிக் கப்பல் பொறுக்கிக்கொள்ளுமே என்று, கேப்சூலில் உப்பால் ஒரு அடைப்பு வைத்தார்கள். இரண்டொரு நாளில் உப்புக் கரைந்து நீர் புகும், கேப்சூல் மூழ்கும். ஆனால் தரையில் விழுந்தால் உப்பு என்ன செய்யும்? 1964-இல் ஒரு கேப்சூல் வெனிசுவேலாவில், லா பிரியா என்ற ஊர்ப்பக்கம் விழுந்தது. கண்டெடுத்த பண்ணையாட்களுக்கு அது வானம் கொடுத்த உலோகம். உடைத்து வேண்டியதை எடுத்துக்கொண்டார்கள். சேதி வெளியே கசிந்ததும் அமெரிக்க ஆட்கள் ஓடோடி வந்து மிச்சத்தை வாங்கிப்போனார்கள். அதன்பிறகு கேப்சூலின் மேல் ‘ரகசியம்’ என்று எழுதுவதை விட்டுவிட்டு, கொண்டுவந்து கொடுப்பவர்களுக்குச் சன்மானம் உண்டு என்று எட்டு மொழிகளில் எழுதினார்கள். புத்திசாலித்தனமான மாற்றம்.

1971-இல் கொரோனாவுக்கு அடுத்த தலைமுறையான ஹெக்ஸகன் பறந்தது. பேருந்து அளவு உடம்பு, ஒரு பயணத்துக்கு சுமார் 96 கிலோமீட்டர் நீளப் பிலிம், நான்கு வாளிகள். முதல் பயணத்திலேயே மூன்றாவது வாளியின் பாராசூட் பிய்ந்து, ஹவாய்ப் பக்கம் கடலுக்கடியில் போய்விட்டது. கிணற்றில் விழுந்த வாளியைப் பாதாளக்கரண்டி போட்டு எடுக்கிற வேலைதான். கிணற்றின் ஆழம் மட்டும் 5 கிலோமீட்டர். டிரியஸ்ட் 2 என்ற ஆழ்கடல் கலம் இறங்கி, 1972 ஏப்ரலில் அதைக் கண்டுபிடித்துத் தூக்கியது. மேலே வரும் வழியிலேயே பிலிம் துண்டு துண்டாகிக் கடலோடு போயிற்று.

இந்த முறையின் உண்மையான பலவீனம் வேறு. 1968 ஆகஸ்டில் சோவியத் படைகள் செக்கோஸ்லோவாகியாவுக்குள் புகுந்தன. படைகள் திரண்டு நின்றதைக் கொரோனா படமெடுத்துத்தான் இருந்தது. ஆனால் அந்த வாளி இறங்கி, பிலிமைக் கழுவிப் பார்ப்பதற்குள் டாங்குகள் பிராகில் நின்றன. ஏவுதளங்களை எண்ண இந்த வேகம் போதும். நெருக்கடிக்குப் போதாது.

1976 டிசம்பர் 19-இல் ஏவப்பட்ட கேஎச்-11 என்ற உளவுச் செயற்கைக்கோள் பிலிமை விட்டொழித்தது. ஒளியை மின்சமிக்ஞையாக்கி, உயரத்தில் சுற்றும் இன்னொரு செயற்கைக்கோள் வழியாகக் கீழே அனுப்பியது. அதிபராக ஜிம்மி கார்ட்டர் பதவியேற்ற மறுநாள், 1977 ஜனவரி 21-இல், அதன் முதல் படங்களை வெள்ளை மாளிகையில் அவர் முன் வைத்தார்கள். இரண்டே ஆண்டுக்குள் வில்லியம் காம்பைல்ஸ் என்ற முன்னாள் சிஐஏ ஊழியர் அந்தச் செயற்கைக்கோளின் கையேட்டை 3,000 டாலருக்கு ரஷ்யர்களிடம் விற்றுவிட்டார். கோடிக்கணக்கில் செலவழித்த ரகசியத்துக்கு அவ்வளவுதான் விலை. பிலிம் கோள்கள் உடனே ஓய்ந்துவிடவில்லை. கடைசி ஹெக்ஸகன் 1986 ஏப்ரலில் ராக்கெட்டோடு வெடித்துச் சிதறியது.

பழைய சுருள்களை 1995 பிப்ரவரியில் அதிபர் கிளின்டன் பொதுவில் விட்டார். எட்டு லட்சத்துக்கும் மேற்பட்ட படங்கள். முதலில் பாய்ந்து எடுத்துக்கொண்டவர்களில் தொல்லியலாளர்கள் உண்டு. அணைகளும் டிராக்டர்களும் மேற்கு ஆசியாவை மாற்றுவதற்கு முந்தைய நிலத்தை அந்தக் கேமராக்கள் பார்த்திருந்தன. யூப்ரடீஸ் அணைநீரில் மூழ்கிப்போன பழைய ஊர்மேடுகள் அவற்றில் காய்ந்த தரையாகக் கிடக்கின்றன. கொரோனா, ஹெக்ஸகன் படங்களை மட்டும் துழாவி, சிரியாவிலும் இராக்கிலும் ரோமானியர் காலத்துக் கோட்டைகள் போன்ற 396 கட்டுமானங்களை அமெரிக்காவின் டார்ட்மவுத் கல்லூரி ஆய்வாளர்கள் 2023-இல் அடையாளம் காட்டினார்கள். 1920-களில் விமானத்திலிருந்து அதே பகுதியைப் படமெடுத்த பாதிரியார் அந்துவான் புவதெபார், கோட்டைகள் வடக்குத் தெற்காக ஓர் எல்லைக்கோடு கட்டியிருந்தன என்று சொல்லியிருந்தார். புதிதாகக் கிடைத்தவை கிழக்கு மேற்காகப் பரவிக் கிடந்தன. எல்லைக் காவலைவிட வணிகப் பாதைக்கும் பயணிகளுக்கும் பாதுகாப்புத் தரவே அவை எழுந்திருக்கலாம் என்பது இப்போதைய வாதம்.